கணினி விளையாட்டுகளில் கட்டளைச் சாளரமும் 'சீட்' குறிச்சொற்களும்: தமிழ் விளையாட்டு வழக்குகளின் வழி ஒரு விளக்கம்

ஆய்வுச் சுருக்கம்

கணினி விளையாட்டுகளில் உருவாக்குநரின் பயன்பாட்டிற்கென அமைந்த கட்டளைச் சாளரமும், அதன்வழி இடப்படும் கட்டளைகளும் ஆங்கிலத்தில் 'சீட்' என்னும் ஒரே சொல்லால் சுட்டப்படுகின்றன. அச்சொல்லைத் தமிழில் 'ஏமாற்று' எனப் பெயர்க்கும்போது, அனைவரும் அறிய வழங்கப்படும் விதிவிலக்கும் பிறர் அறியாமல் செய்யப்படும் வஞ்சமும் ஒன்றாகிவிடுகின்றன. தமிழ்ச் சிறுவர் விளையாட்டு வழக்கோ இவ்விரண்டையும் வெவ்வேறு சொற்களால் பிரித்தே வழங்கிவந்துள்ளது. கட்டளைச் சாளரத்தின் தோற்றம், செயற்பாடு, பயன்பாடு ஆகியவற்றை விளக்கி, ஒப்பு, அழுகுணி, கள்ளாட்டம் என்னும் வழக்குகளின் துணைகொண்டு அவற்றை வகைப்படுத்துவதும், அதற்கேற்ற கலைச்சொற்களை முன்மொழிவதும் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

திறவுச்சொற்கள்: கணினி விளையாட்டு, கட்டளைச் சாளரம், சீட், ஒப்புக்குச் சப்பாணி, அழுகுணி ஆட்டம், கள்ளாட்டம், கலைச்சொல்லாக்கம், திருப்பெருந்துறை

முன்னுரை

தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் உவகை தோன்றும் நிலைக்களன்கள் நான்கனுள் விளையாட்டையும் ஒன்றாக வைத்தெண்ணுகிறது. உரியியல், கெடவரல், பண்ணை ஆகிய இரு சொற்களும் விளையாட்டுப் பொருளைத் தருவன எனக் குறிக்கிறது. பிற்காலத்தில் தேவநேயப் பாவாணர் 'தமிழ்நாட்டு விளையாட்டுகள்' என்னும் நூலில் நாட்டுப்புற ஆட்டங்களைத் தொகுத்து விளக்கினார். விளையாட்டைப் பற்றிய சிந்தனையும் சொல்வளமும் தமிழுக்குப் புதியன அல்ல. எனினும், இன்றைய இளையோரின் பொழுதில் பெரும்பங்கு வகிக்கும் கணினி விளையாட்டுகளின் உள்ளமைப்பைப் பேசுவதற்கான சொற்கள் தமிழில் இன்னும் நிலைபெறவில்லை. அவற்றுள் மிகுந்த குழப்பத்திற்கு இடமளிப்பது 'சீட்' என்னும் சொல்லாகும்.

2000களின் முற்பகுதியில் தமிழகத்தின் இணைய மையங்களில் 'கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ: வைஸ் சிட்டி' விளையாடிய சிறுவர்கள், 'பான்சர்' எனத் தட்டினால் பீரங்கி வண்டி வரும், 'ஆஸ்பிரின்' எனத் தட்டினால் உயிர்நிலை நிரம்பும் என்பவற்றைக் குறிப்பேட்டின் கடைசிப் பக்கங்களில் எழுதிவைத்துக்கொண்டனர். அதே காலத்தில் பிறருடன் இணைந்து ஆடும் 'கவுன்டர்-ஸ்ட்ரைக்' ஆட்டத்தில் சுவருக்கு அப்பால் நிற்பவரைக் காட்டும் நிரல்களும் பரவின. இரண்டிற்கும் பெயர் 'சீட்' என்பதே. முன்னதால் எவருக்கும் இழப்பில்லை. பின்னதால் எதிரில் ஆடியவர் தோற்றார். ஒரே பெயர் பெற்ற இவ்விரு செயல்களையும் பிரித்தறிய எதனை அளவுகோலாகக் கொள்வது என்பதே இங்கு ஆராயப்படுகிறது.

1. கட்டளைச் சாளரத்தின் தோற்றம்

'சீட்' குறிச்சொற்கள் ஆடுபவரின் குறுக்கு வழியாகத் தோன்றவில்லை. உருவாக்குநரின் வேலைக்கருவியாகவே தோன்றின. ஜப்பானின் கொனாமி நிறுவனத்தைச் சேர்ந்த கசுஹிசா ஹஷிமோட்டோ, 1986இல் 'கிராடியஸ்' என்னும் ஆட்டத்தை வீட்டு விளையாட்டுக் கருவிக்கு ஏற்ப மாற்றியமைத்தார். சோதித்துப் பார்க்கும்போது அவ்வாட்டம் அவருக்கே கடினமாக இருந்தது. ஆகவே, குறிப்பிட்ட வரிசையில் பொத்தான்களை அழுத்தினால் எல்லா ஆற்றல்களும் கிடைக்கும்படி ஒரு வழியை அமைத்துக்கொண்டார். அது வெளியீட்டிலும் இடம்பெற்று, 'கொனாமி குறிச்சொல்' என உலகறிந்ததாயிற்று.

1993ஆம் ஆண்டு டிசம்பரில் ஐடி சாஃப்ட்வேர் நிறுவனம் வெளியிட்ட 'டூம்' ஆட்டத்தில் இவ்வழக்கம் விசைப்பலகைவழி இடம்பெற்றது. ஆடிக்கொண்டிருக்கும்போதே 'ஐடிடிகியூடி' எனத் தட்டினால் ஆட்டக்காரருக்குத் தாக்குதலால் சேதம் நேராது. 'ஐடிகேஎஃப்ஏ' எனத் தட்டினால் படைக்கருவிகளும் திறவுகோல்களும் கிடைக்கும். இவை முன்னரே வரையறுக்கப்பட்ட சில மந்திரச் சொற்களைப் போன்றவை. இவற்றால் ஆட்டத்தின் பிற கூறுகளை மாற்ற இயலாது.

அந்நிறுவனத்தின் பிந்தைய படைப்பான 'குவேக்' (1996) இதனை வேறொரு தளத்திற்குக் கொண்டுசென்றது. விசைப்பலகையின் இடப்புற மேல்மூலையில் எண் ஒன்றிற்கு அருகிலுள்ள அலைக்கோட்டு விசையை அழுத்தினால், திரையின் மேற்பகுதியிலிருந்து எழுத்துச் சாளரம் ஒன்று இறங்கும். அதில் கட்டளைகளைத் தட்டலாம். 'காட்' என்றால் சேதமின்மை; 'நோகிளிப்' என்றால் சுவர்களை ஊடுருவிச் செல்லும் நிலை; 'கிவ்' என்றால் பொருள் வழங்கல். இவற்றைவிட முக்கியமானது, ஆட்டவுலகின் மாறிகளையே அச்சாளரம் திறந்துகாட்டியமை ஆகும். 'எஸ்வி_கிராவிட்டி' என்னும் மாறியின் இயல்பு மதிப்பு 800. அதனை 100 எனக் குறைத்தால் ஆட்டக்காரர் தாவிய பின் மெல்ல மிதந்து இறங்குவார். தாம் உலவும் உலகின் ஈர்ப்பு விசை ஓர் எண் என்பதையும், அவ்வெண்ணை ஒருவர் எழுதியிருக்கிறார் என்பதையும் ஆடுபவர் அறிந்துகொள்ளும் தருணம் இது.

இச்சாளர மரபு பின்னர் வால்வ் நிறுவனத்தின் 'ஹாஃப்-லைஃப்' (1998), பெத்தெஸ்டா நிறுவனத்தின் 'ஸ்கைரிம்' (2011) முதலிய பல ஆட்டங்களில் தொடர்ந்தது. 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2' (1999) போன்றவற்றில் உரையாடல் பெட்டியிலேயே குறிச்சொற்கள் இடப்பட்டன. அதில் 'ராபின் ஹூட்' எனத் தட்டினால் 1000 பொன் கிடைக்கும். 'மார்கோ' எனத் தட்டினால் நிலப்படம் முழுதும் வெளிப்படும்.

2. கட்டளை செயற்படும் முறையும் அனுமதியும்

'காட்' கட்டளை ஆட்டக்காரருக்குப் புதிய ஆற்றல் எதனையும் சேர்ப்பதில்லை. ஒருவர் தாக்கப்படும்போது ஆட்டநிரல் அவரது உயிர்ப்புள்ளியிலிருந்து ஒரு தொகையைக் கழிக்கிறது. கழிக்கும் முன், அவருக்கென வைத்துள்ள பதிவில் ஒரு குறிப்பிட்ட அடையாளம் இடப்பட்டுள்ளதா எனப் பார்க்கிறது. இடப்பட்டிருந்தால் கழிப்பதில்லை. 'காட்' கட்டளை செய்வது அவ்வடையாளத்தை இடுவதும் நீக்குவதும் மட்டுமே. 'நோகிளிப்' கட்டளையும் அவ்வாறே. ஆட்டக்காரரின் இயக்க வகையை மாற்றி, சுவரோடு மோதும் கணக்கீட்டிலிருந்து அவரை விலக்குகிறது. விதி அழிக்கப்படுவதில்லை. அது அனைவருக்கும் அப்படியே இருக்க, ஒருவருக்கு மட்டும் விலக்கு அளிக்கப்படுகிறது.

இவ்விலக்கை யார் அளிப்பது என்னும் கேள்வி பலர் கூடி ஆடும்போது எழுகிறது. ஐடி சாஃப்ட்வேர் தன் ஆட்டங்களின் மூலநிரலைப் பின்னர் பொதுவில் வெளியிட்டதால் இதற்கான விடையை நிரலிலேயே காணமுடிகிறது. 'டூம்' நிரலில், ஆட்டம் வலைப்பின்னல் வழி பலரால் ஆடப்படுகிறது எனில் மேற்கண்ட குறிச்சொற்கள் ஏற்கப்படுவதில்லை. 1999ஆம் ஆண்டு டிசம்பரில் வெளியிடப்பட்ட 'குவேக்' மூலநிரலில், 'காட்' கட்டளைக்குரிய பகுதி தொடக்கத்திலேயே ஒரு நிபந்தனையைச் சோதிக்கிறது. ஆட்டம் ஒருவரையொருவர் எதிர்க்கும் வகையினதாக இருந்து, கட்டளையிட்டவர் சிறப்புரிமை பெறாதவராகவும் இருந்தால், எதுவும் செய்யாமல் திரும்பிவிடுகிறது.

வால்வ் நிறுவனத்தின் 'சோர்ஸ்' இயக்குபொறி இவ்வொழுங்கை மேலும் தெளிவாக்கியது. அதில் 'எஸ்வி_சீட்ஸ்' என்னும் மாறி உண்டு. அதன் மதிப்பு 0 எனில், 'சீட்' வகையினவாகக் குறிக்கப்பட்ட கட்டளைகள் எவருக்கும் செயற்படா. சேவையகத்தை நடத்துபவர் மட்டுமே அதனை 1 ஆக்க முடியும். அவ்வாறு மாற்றியவுடன், அம்மாறி மாற்றப்பட்டது என்னும் செய்தி அச்சேவையகத்தில் ஆடும் அனைவரின் திரையிலும் தோன்றும். மீண்டும் 0 ஆக்கினால், அவ்வகை மாறிகள் தத்தம் இயல்பு மதிப்பிற்குத் திரும்பும். 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2' ஆட்டத்திலும், பலர் கூடி ஆடும்போது 'சீட்' அனுமதிக்கப்படுமா என்பது ஆட்டம் தொடங்குமுன் அமைப்புத் திரையிலேயே முடிவு செய்யப்படுகிறது.

விலக்கோடு ஆடிய ஆட்டத்தின் பயன் பல ஆட்டங்களில் கணக்கில் கொள்ளப்படுவதில்லை. 'மைன்கிராஃப்ட்' ஆட்டத்தின் 'பெட்ராக்' பதிப்பில் ஓர் உலகில் 'சீட்' அனுமதிக்கப்பட்டால், அவ்வுலகில் சாதனைப் பதக்கங்கள் வழங்கப்படுவதில்லை. 'யூரோப்பா யுனிவர்சாலிஸ் 4' (2013) ஆட்டத்தின் 'அயர்ன்மேன்' முறையில் கட்டளைச் சாளரமே திறக்காது. ஆகவே, உருவாக்குநர் வகுத்த ஒழுங்கில் விலக்கு மூன்று கூறுகளைக் கொண்டது எனலாம்: உரியவர் வழங்கும் அனுமதி, உடன் ஆடுவோருக்கு அறிவிப்பு, பயனைக் கணக்கில் கொள்ளாமை.

3. தமிழ் விளையாட்டு வழக்கில் விலக்கும் மீறலும்

இம்மூன்று கூறுகளும் தமிழ்ச் சிறுவர் விளையாட்டில் நெடுங்காலமாக வழங்கும் ஒரு வழக்கத்தில் ஒருங்கே காணப்படுகின்றன. ஓடிப் பிடித்தல், கண்ணாமூச்சி முதலிய ஆட்டங்களில் வயதில் மிகச் சிறிய குழந்தையையும் சேர்த்துக்கொள்ள வேண்டிய நிலை ஏற்படும்போது, அக்குழந்தையை 'ஒப்புக்குச் சப்பாணி' என அறிவித்துவிடுவர். சில வட்டாரங்களில் இது 'உப்புக்குச் சப்பாணி' என வழங்கும். அக்குழந்தை மற்றவரோடு ஓடலாம், ஒளியலாம், கூச்சலிடலாம். பிடிபட்டாலும் ஆட்டமிழப்பதில்லை, பிடிக்கும் முறை அதற்கு வருவதுமில்லை. மூத்தோர் அனுமதிக்கின்றனர், அனைவரும் அறிகின்றனர், வெற்றி தோல்வி கணக்கில் இல்லை. 'காட்' கட்டளையின் நிலையும் இதுவே.

'சப்பாணி' என்னும் சொல் உடற்குறையைச் சுட்டும் வழக்குடையதாதலின் கலைச்சொல்லாக ஏற்கத்தக்கதன்று. ஆனால், 'ஒப்பு' என்னும் முற்பகுதி கவனத்திற்குரியது. 'ஒப்புக்கு' என்றால் பெயரளவிற்கு என்பது பொருள். 'ஒப்பு', 'ஒப்புதல்', 'ஒப்புக்கொள்ளுதல்' என்னும் வடிவங்கள் உடன்பாட்டையும் குறிக்கின்றன. கணக்கில் கொள்ளாமையும் உடன்பாடும் ஒரே சொல்லில் இணைந்திருப்பது இவ்வாய்வுக்குப் பெரிதும் உதவுகிறது.

ஆட்டம் தொடங்குமுன் விதிகளை உடன்பாட்டால் வரையறுத்துக்கொள்ளும் வழக்கமும் தமிழ் விளையாட்டுகளில் உண்டு. தாய ஆட்டத்தில் எதிரியின் காயை ஒருமுறையேனும் வெட்டிய பின்னரே தன் காயைப் பழமாக்கலாம் என்பது சில வீடுகளில் விதி. வேறு சில வீடுகளில் அவ்விதி இல்லை. எவ்விதியைக் கொள்வது என்பதை ஆடுவோர் முதலிலேயே பேசி முடிவு செய்வர். சேவையகத்தின் அமைப்புத் திரை இத்தகைய பேச்சின் இயந்திர வடிவமாகும்.

இதற்கு மாறாக, 'அழுகுணி ஆட்டம்' என்பது முடிவை ஏற்க மறுத்தலைக் குறிக்கிறது. தொடப்பட்ட பின் 'படவில்லை' என வாதிடுவதும், தோற்கும் நிலையில் ஆட்டத்தைக் கலைப்பதும் இவ்வகையின. ஈழத் தமிழில் 'அளாப்புதல்' என்னும் வினை ஆட்டத்தில் முறைகேடு செய்வதைக் குறித்து இன்றும் வழங்குகிறது. இவை பெரும்பாலும் அனைவர் கண்முன்னும் நிகழ்பவை, சண்டையில் முடிபவை. ஆனால், 'கள்ளாட்டம்' பிறர் அறியாமல் செய்யப்படுவது. களவு என்னும் கருத்து அச்சொல்லிலேயே உள்ளது. மாபாரதக் கதையில் சகுனி ஆடிய சூது இதற்கு இலக்கியச் சான்றாகும். அவன் விதிகளை வெளிப்படையாக மறுக்கவில்லை. விதிப்படி ஆடுவதாகக் காட்டியே வஞ்சித்தான்.

டச்சு அறிஞர் ஜோஹன் ஹெய்சிங்கா 1938இல் வெளியான 'ஹோமோ லூடன்ஸ்' நூலில் ஆட்டத்தைக் கெடுப்பவரையும் ஆட்டத்தில் வஞ்சிப்பவரையும் பிரித்துக் காண்கிறார். வஞ்சிப்பவர் ஆட்டத்தின் எல்லையை ஏற்பதுபோல நடிக்கிறார்; கெடுப்பவர் அவ்வெல்லையையே உடைக்கிறார் என்பது அவரது கருத்து. அழுகுணி, கள்ளாட்டம் என்னும் வழக்குகள் ஏறத்தாழ இப்பகுப்போடு பொருந்துகின்றன. ஆனால், உடன்பாட்டால் விலக்குப் பெற்றவர் என்னும் மூன்றாம் நிலைக்கு அவ்விரண்டனுள் இடமில்லை. அந்நிலைக்குத் தனிப்பெயர் வைத்திருப்பது தமிழ் வழக்கின் சிறப்பாகும்.

4. ஒப்புநிலையின் பயன்கள்

கட்டளைச் சாளரத்தின் முதற்பயன் சோதனை. ஓர் ஆட்டத்தின் இருபதாம் கட்டத்தில் ஒரு கதவு திறக்கிறதா எனப் பார்க்க, உருவாக்குநர் முந்தைய பத்தொன்பது கட்டங்களையும் ஒவ்வொரு முறையும் ஆடிக் கடக்க இயலாது.

இரண்டாவது பயன் பழுதுநீக்கம். 'ஸ்கைரிம்' போன்ற பரந்த ஆட்டங்களில் நிரற்பிழையால் ஒரு பணி முடிவுறாமல் நின்றுவிடுவதுண்டு. ஆட்டக்காரர் பாறை இடுக்கில் சிக்கிக்கொள்வதுமுண்டு. அந்நிலையில் 'டிசிஎல்' என்னும் கட்டளை மோதல் கணக்கீட்டை நிறுத்தி வெளியேற உதவுகிறது. 'செட்ஸ்டேஜ்' என்னும் கட்டளை நின்றுபோன பணியை அடுத்த கட்டத்திற்கு நகர்த்துகிறது. இங்குக் கட்டளையிடுபவர் மீறுபவர் அல்லர், பழுது பார்ப்பவர்.

மூன்றாவது பயன் கற்றலும் ஆக்கமும். ஓர் ஆட்டத்தை மிகக் குறைந்த நேரத்தில் முடிக்க முயலும் விரைவாட்டக்காரர்கள், கடினமான பகுதியை மீண்டும் மீண்டும் பயில்வதற்குக் கட்டளைகளைப் பயன்படுத்துகின்றனர். பதிவுக்கென ஆடும்போது அவற்றைத் தொடுவதில்லை. 'நோகிளிப்' நிலையில் உலவும் பார்வை, ஆட்டக் காட்சிகளைக் கொண்டு திரைப்படம் எடுப்போருக்கு ஒளிப்படக் கருவியாகிறது. மாறிகளின் மதிப்பை மாற்றிப் பார்ப்பதில் தொடங்கிப் புதிய ஆட்டத்தையே உருவாக்குவது வரை இது வளரக்கூடும். 'கவுன்டர்-ஸ்ட்ரைக்' ஆட்டமே 1999இல் 'ஹாஃப்-லைஃப்' ஆட்டத்தின்மீது மின் லே, ஜெஸ் கிளிஃப் ஆகிய இருவர் செய்த திருத்தாக்கமாகத் தோன்றியது.

நான்காவது பயன் அணுகல். விரைவாகக் கைகளை இயக்க இயலாதவர், பார்வைக் குறைவுடையவர், முதியவர் ஆகியோருக்கு ஆட்டத்தின் கதையையும் காட்சியையும் துய்க்க விலக்கே வழியாகலாம். ஒப்புக்குச் சேர்த்துக்கொள்ளப்பட்ட குழந்தையின் நிலை இங்கு மீண்டும் நினைக்கத்தக்கது. அக்குழந்தைக்கு அளிக்கப்பட்டது வெற்றியன்று. ஆட்டத்தில் உடனிருக்கும் உரிமையாகும்.

5. கள்ளாட்டம்: ஒரே காட்சி, இரு நிலைகள்

'சோர்ஸ்' இயக்குபொறியில் சுவருக்கு அப்பால் உள்ள உருவங்களையும் கோட்டுருவாகக் காட்டும் கட்டளை உண்டு. நிலப்படம் அமைப்போர் பொருள்கள் உரிய இடத்தில் உள்ளனவா எனப் பார்க்க அது பயன்படுகிறது. 'எஸ்வி_சீட்ஸ்' மதிப்பு 1 ஆக இருந்தால் மட்டுமே அது செயற்படும். போட்டியில் கள்ளாட்டம் ஆடுபவர் வெளியிலிருந்து புகுத்தும் நிரலும் ஏறத்தாழ அதே காட்சியைத்தான் காட்டுகிறது. திரையில் தெரிவது ஒன்றே. முன்னதில் உடனிருப்போர் அனைவரும் அறிவர். பின்னதில் ஒருவர் மட்டுமே அறிவார். ஆகவே, செயலின் தன்மையைக் கொண்டு மட்டும் குற்றத்தை முடிவு செய்தல் இயலாது. அறிவித்தலும் உடன்பாடுமே அளவுகோலாகின்றன.

இப்பகுப்பைத் தொழில்நுட்பமும் பின்பற்றுகிறது. வால்வ் நிறுவனம் 2002 முதல் நடத்திவரும் 'வேக்' என்னும் காப்பு முறை, கட்டளைச் சாளரத்தின் பயன்பாட்டைத் தேடுவதில்லை. ஆட்டநிரலில் வெளியிலிருந்து புகுத்தப்பட்டவற்றையே தேடுகிறது. கண்டறியப்பட்டால் விதிக்கப்படும் தடை நிலையானது.

இந்தியச் சூழலில் இதற்கு நன்கறியப்பட்ட சான்று 2018ஆம் ஆண்டு அக்டோபரில் சீனாவின் ஷாங்காய் நகரில் நடந்த 'எக்ஸ்ட்ரீம்ஸ்லாண்ட்' போட்டியில் நிகழ்ந்தது. 'ஆப்டிக் இந்தியா' அணியின் ஆட்டக்காரர் ஒருவர் வியட்நாம் அணிக்கு எதிரான ஆட்டத்தின் நடுவே நிறுத்தப்பட்டு, அவரது கணினி சோதிக்கப்பட்டது. குறிபார்த்தலுக்கு உதவும் நிரல் ஒன்று, எழுத்தாவணச் செயலியின் பெயரைத் தாங்கிய கோப்பாக அதில் மறைந்திருந்தது. அணி போட்டியிலிருந்து நீக்கப்பட்டு, பின்னர் கலைக்கப்பட்டது. மின்விளையாட்டு நேர்மை ஆணையம் அவ்வாட்டக்காரருக்கு ஐந்தாண்டுத் தடை விதித்தது. நிரலுக்கு வேறொரு செயலியின் பெயரைச் சூட்டியமையே கள்ளாட்டத்தின் இலக்கணத்தைக் காட்டுகிறது. ஒப்புநிலை தன்னை அறிவித்துக்கொள்வது. கள்ளாட்டம் தன் பெயரை மாற்றிக்கொள்வது. குற்றம் ஒருவருடையதாயினும், இழப்பு அதனை அறியாத அணித்தோழர்களையும் சேர்ந்தது என்பதும் இங்குக் கருதத்தக்கது.

2022ஆம் ஆண்டு டிசம்பரில் இந்திய அரசு மின்விளையாட்டை இளைஞர் நலன், விளையாட்டுத் துறை அமைச்சகத்தின் கீழ் கொண்டுவந்தது. 2025ஆம் ஆண்டின் இணைய விளையாட்டு மேம்பாடு, ஒழுங்குமுறைச் சட்டமும் மின்விளையாட்டை ஏற்கிறது. கல்லூரிகளும் பல்கலைக்கழகங்களும் இத்தகைய போட்டிகளை நடத்தும்போது எது விலக்கு, எது வஞ்சம் என்பதைத் தமிழில் வரையறுத்துச் சொல்ல வேண்டிய தேவை எழுகிறது.

6. திருப்பெருந்துறைத் தொன்மமும் அறிவிக்கப்படாத விலக்கும்

உலகை இயற்றியவரே அதன் விதியைத் தளர்த்தும் நிகழ்வைத் தமிழ்ச் சைவ மரபு 'திருவிளையாடல்' என்னும் பெயரால் வழங்குகிறது. கட்டளைச் சாளரத்தின் முதன்மைக் கட்டளை கடவுளின் பெயரைத் தாங்கியிருக்கும் நிலையில், இச்சொல்வழக்கு ஒப்புநோக்கத் தக்கது. இத்தகைய கதைகளுள் ஒன்று புதுக்கோட்டை மாவட்டத்தில் அறந்தாங்கியை அடுத்துள்ள ஆவுடையார்கோவிலோடு இணைந்தது. மாணிக்கவாசகர் வரலாற்றில் வரும் திருப்பெருந்துறை இவ்வூரே என்பது மரபு. இங்குள்ள ஆத்மநாதர் கோவிலின் கருவறையில் இலிங்கத் திருமேனி இல்லை. ஆவுடையார் மட்டுமே உள்ளது.

பாண்டிய மன்னனின் அமைச்சராகிய வாதவூரர் குதிரை வாங்கக் கொண்டுசென்ற பொருளைத் திருப்பெருந்துறையில் இறைபணிக்குச் செலவிட்டார். குதிரைகள் எங்கே என மன்னன் கேட்க, இறைவன் நரிகளைப் பரிகளாக்கி மதுரைக்கு ஓட்டிவந்தான். இரவில் அவை மீண்டும் நரிகளாயின. மன்னன் வாதவூரரை ஒறுத்தான். பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடற் புராணம் இதனை நரி பரியாக்கியது, பரி நரியாக்கியது என இரு படலங்களாக விரித்துரைக்கிறது.

இத்தொன்மத்தைக் கணினி விளையாட்டின் முன்னோடி எனக் கொள்வது பொருந்தாது. அதன் சமயப் பொருளும் வேறு. எனினும், விலக்கின் அறத்தைச் சிந்திக்க அது இடமளிக்கிறது. அடியவர் பார்வையில் நிகழ்ந்தது அருள். மன்னன் பார்வையில் நிகழ்ந்தது வஞ்சம். நிகழ்வு ஒன்றாக இருக்க, இரு பார்வைகள் தோன்றக் காரணம், மன்னனுக்கு அது விளையாடல் என்பது அறிவிக்கப்படாமையே. அவன் விலை கொடுத்துக் குதிரை பெற்றதாகவே கருதினான். விதியைத் தளர்த்துபவர் எத்துணை உரிமை உடையவராயினும், உடன் ஆடுபவர் அறியாதபோது அவருக்கு அது கள்ளாட்டமாகவே தோன்றும் என்பதைக் கதை உணர்த்துகிறது. சேவையகத்தை நடத்துபவர் 'எஸ்வி_சீட்ஸ்' மதிப்பை மாற்றும் உரிமையை முழுதும் உடையவர். அவ்வுரிமை இருந்தும், மாற்றம் அனைவர் திரையிலும் அறிவிக்கப்படுவதன் தேவை இதனால் விளங்கும்.

7. தனியாட்டத்தில் உடன்பாடு யாருடையது?

தனியே ஆடும் ஆட்டத்தில் உடன்பட வேண்டிய எதிர்த்தரப்பு இல்லை. ஆயினும் ஒரு தடை எழுப்பப்படலாம். பெர்னார்ட் சூட்ஸ் 1978இல் வெளியான 'தி கிராஸ்ஹாப்பர்' நூலில், தேவையற்ற தடைகளை விரும்பி ஏற்று அவற்றைக் கடக்க முயல்வதே ஆட்டம் என விளக்கினார். அவ்வாறாயின் தடையை நீக்கிக்கொண்டவர் ஆடுவதையே நிறுத்திவிட்டார் அல்லரோ? நிறுத்தியது உண்மையே. ஆனால் அவர் வஞ்சிக்கவில்லை. வேறோர் ஆட்டத்தைத் தொடங்கியுள்ளார். எதிரிகளை வெல்லும் ஆட்டத்தை விட்டு, ஊரைச் சுற்றிப் பார்க்கும் ஆட்டத்திற்கு மாறியுள்ளார். 1992இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம், விளையாட்டு அட்டைகளின் செயற்பாட்டைத் தற்காலிகமாக மாற்றும் 'கேம் ஜீனி' என்னும் கருவி குறித்த வழக்கில், அக்கருவியின் பயன்பாடு நிண்டெண்டோ நிறுவனத்தின் பதிப்புரிமையை மீறவில்லை எனத் தீர்ப்பளித்ததும் இங்குச் சுட்டத்தக்கது.

தனியாட்டத்தின் விளைவு பிறர்முன் வைக்கப்படும்போது நிலை மாறுகிறது. விரைவாட்டப் பதிவு தனியே ஆடப்பட்டதே. அதைப் போட்டிப் பட்டியலுக்கு அனுப்பும் கணத்தில் பட்டியலிலுள்ள அனைவரும் உடன் ஆடுவோராகின்றனர். ஆதலின் உடன்பாட்டிற்குரிய வட்டம், ஆட்டத்தில் உள்ளோரோடு நில்லாமல் அதன் முடிவைக் கணக்கில் கொள்வோர் வரை விரிகிறது.

முன்பு குறிச்சொல்லால் கிடைத்த பொன்னையும் ஆற்றலையும் இன்று பல கைபேசி ஆட்டங்கள் விலைக்கு விற்கின்றன. இது விதிப்படி நிகழ்வதால் 'சீட்' எனப்படுவதில்லை. ஆனால் விலக்கு அன்பின் அடிப்படையிலோ உடன்பாட்டின் அடிப்படையிலோ அல்லாமல் பணத்தின் அடிப்படையில் வழங்கப்படுகிறது. அதன் பயனும் கணக்கில் கொள்ளப்படுகிறது. ஒப்புநிலையின் மூன்றாம் கூறு இங்கு இல்லாமற் போகிறது.

8. பெயரிடுதலின் விளைவு

பெயர் மாற்றம் நோக்கையே மாற்றும் என்பதற்கு அண்மைக்கால ஆட்டங்களில் சான்றுகள் உள்ளன. 2018இல் வெளியான 'செலஸ்ட்' ஆட்டத்தில் வேகத்தைக் குறைக்கவும் சேதத்தை நீக்கவும் உதவும் பகுதிக்கு உருவாக்கத்தின்போது 'சீட்' முறை என்றே பெயர் இருந்தது. அப்பெயர் ஆடுபவரைப் பழிப்பதாக அமையும் எனக் கருதி, வெளியீட்டில் 'துணை' எனப் பொருள்படும் 'அசிஸ்ட்' முறை எனப் பெயரிட்டனர். 2020இல் முழுமையாக வெளியான 'ஹேடிஸ்' ஆட்டமோ 'காட்' முறை என்னும் பழைய பெயரையே தக்கவைத்து, அதன் இயல்பை மாற்றியது. அம்முறையில் ஆட்டக்காரருக்குத் தொடக்கத்தில் 20 விழுக்காடு சேதக் குறைப்பு உண்டு. ஒவ்வொரு முறை மடியும்போதும் அது 2 விழுக்காடு கூடும். தோல்வியே மெல்ல மெல்லத் துணையாகிறது.

இவற்றைக் கருத்திற்கொண்டு பின்வரும் சொற்கள் முன்மொழியப்படுகின்றன. உருவாக்குநர் அமைத்த சாளரத்தைக் 'கட்டளைச் சாளரம்' எனலாம். 'கன்சோல்' என்னும் சொல் வீட்டு விளையாட்டுக் கருவியையும் குறிப்பதால் இப்பெயர் தெளிவு தரும். ஆட்டத்தினுள் அனுமதியோடு இடப்படும் 'சீட்' கட்டளையை 'ஒப்புக் கட்டளை' எனலாம். வெளியிலிருந்து மறைவாகப் புகுத்தப்படும் நிரலைக் 'கள்ளநிரல்' எனலாம். தோற்கும் தறுவாயில் இணைப்பைத் துண்டித்து ஆட்டத்தைக் கெடுக்கும் செயலுக்கு 'அழுகுணி' என்னும் வழக்கே போதும்.

முடிவுரை

கட்டளைச் சாளரம் உருவாக்குநரின் வேலைக்கருவியாகத் தோன்றி, ஆடுபவர் கைக்கு வந்தது. அது விதியை அழிப்பதில்லை. விதியிலிருந்து விலக்கு அளிக்கிறது. அவ்விலக்கு உரியவர் அனுமதியாலும் உடன் ஆடுவோர் அறிதலாலும் பயனைக் கணக்கில் கொள்ளாமையாலும் ஒழுங்கு பெறுகிறது. இம்மூன்றும் நீங்கியவிடத்து அதே செயல் கள்ளாட்டமாகிறது. தமிழ்ச் சிறுவர் விளையாட்டு வழக்கு இவ்வேறுபாட்டை முன்னரே உணர்ந்து சொற்களால் பிரித்துவைத்துள்ளது.

'சீட்' அனைத்தும் ஏமாற்றே எனக் கூறும் ஆசிரியர், ஆட்டவுலகின் ஈர்ப்பு விசையை மாற்றிப் பார்க்கும் மாணவரின் ஆர்வத்தைக் குற்றமாக்கிவிடுகிறார். 'சீட்' அனைத்தும் விளையாட்டே எனக் கூறும் மாணவர், எதிரில் ஆடியவருக்கு நேர்ந்த இழப்பைக் காணத் தவறுகிறார். இருவருக்கும் இடையே ஒரே சொல் நிற்பதே இதற்குக் காரணம். கலைச்சொல் அகராதிகளிலும் போட்டி விதிமுறைகளிலும் ஒப்புக் கட்டளை, கள்ளநிரல் என்னும் பகுப்பு இடம்பெறுமாயின் இக்குழப்பம் பெரிதும் நீங்கும். வட்டாரந்தோறும் வழங்கும் சிறுவர் விளையாட்டுச் சொற்களை இந்நோக்கில் தொகுத்து ஆராய்வது அடுத்து மேற்கொள்ளத்தக்க பணியாகும்.